செவ்வாய்ச் சந்தைக் கருவாடு

மதுரையைப் பற்றி எழுதுகிறவர்கள் மல்லிகைப் பூவில் ஆரம்பிப்பது வழக்கம். நானும் அப்படித்தான் ஆரம்பித்து ஒரு பக்கம் எழுதினேன். பிறகு அதைக் கிழித்துப் போட்டுவிட்டேன். நேயர்களே, நான் சொல்ல வந்த மணம் வேறு. அதை மணம் என்பதா, வாடை என்பதா, இன்னும் கடுமையான ஒரு சொல்லால் சொல்வதா என்பதில் வீட்டுக்கு வீடு அபிப்பிராய பேதம் உண்டு. இப்போதே மூக்கைப் பிடித்துக்கொண்டு பக்கத்தைப் புரட்டப் போகும் சகோதரிகள் தயவு செய்து சற்றுப் பொறுக்க வேண்டும். தொடர்கதை எங்கும் ஓடிப் போய்விடாது.

விஷயம், கருவாடு.

நான் மதுரையில் குடியிருப்பது ஒரு மாடி வீட்டின் மேல் பகுதியில். நல்ல காற்று, நல்ல தண்ணீர், நல்ல வீட்டுக்காரர். வாடகை ஒப்பந்தம் டைப் அடித்த இரண்டு பக்கம். அதன் அடியில் மட்டும் வீட்டுக்காரர் தம் கைப்படப் பேனாவால் ஒரு வரி சேர்த்திருந்தார்: "மீன், கறி சமைக்கலாம். கருவாடு கூடாது." அவர் சைவர் அல்லர். ஞாயிற்றுக்கிழமை காலையில் கறிக்கடை வரிசையில் எனக்கு முன்னால் நிற்பவர் அவர்தான். நானும் யோசிக்காமல் கையெழுத்துப் போட்டேன்.

என் மனைவிக்கு மானாமதுரைப் பக்கம் ஊர். அவள் ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் போன தை மாதம் என் மாமியார் எங்களைப் பார்க்க வந்தபோது, பைக்கு அடியில் துணியில் சுற்றி ஒரு பொட்டலம் கொண்டுவந்திருந்தார். மகளுக்குப் பிடிக்குமே என்று நெத்திலிக் கருவாடு. விஷயம் தெரிந்ததும் அதைப் பிரிக்கக்கூட இல்லை. இரண்டு நாள் தங்கிவிட்டு, அதே துணியில், அதே முடிச்சோடு திரும்ப எடுத்துக்கொண்டு போய்விட்டார். "பரவால்ல மாப்ள, வாடகை வீடு" என்று சிரித்துக்கொண்டுதான் சொன்னார். அந்தச் சிரிப்பு எனக்குச் சரியாக ஜீரணமாகவில்லை. அந்தப் பொட்டலத்தில் அப்படி என்னதான் இருக்கிறது, பார்த்துவிடுவது என்று ஒரு செவ்வாய்க்கிழமை விடியற்காலையில் திருப்புவனத்துக்குப் பஸ் ஏறினேன்.

மதுரையிலிருந்து ராமேசுவரம் போகும் வழியில் இருபது கிலோ மீட்டர் தூரத்தில், வைகைக் கரையில் இருக்கிறது திருப்புவனம். செவ்வாய்க்கிழமை தோறும் அங்கே கூடும் ஆட்டுச் சந்தை நாலு ஜில்லாவுக்குப் பிரசித்தம். பஸ் விரகனூர் தாண்டி, சிலைமான் தாண்டிப் போகிறது. எனக்கு முன் வரிசையில் இருந்த பெண்கள் தலை நிறையப் பூ வைத்திருந்தார்கள். ராமகிருஷ்ண பரமஹம்சர் சொன்ன கதை ஞாபகம் வந்தது. மழைக்குப் பூக்காரி வீட்டில் ஒதுங்கிய மீன்காரிக்கு, பூ வாசனையில் தூக்கமே வரவில்லையாம். மீன் கூடையில் தண்ணீர் தெளித்துத் தலைமாட்டில் வைத்துக்கொண்ட பிறகுதான் குறட்டை விட்டாளாம். பரமஹம்சர் அதை உலகப் பற்றுக்கு உவமையாகச் சொன்னார். சொன்னவர் மகான், இருந்தாலும் சின்ன வயசிலிருந்தே நான் அந்த மீன்காரி கட்சி. உழைத்துக் களைத்தவளுக்குத் தன் பிழைப்பின் வாசனை தாலாட்டாக இருந்ததில் என்ன தப்பு?

சந்தையில் ஆடுகளின் கூச்சலைக் கடந்து, வெங்காயக் குவியலைக் கடந்து போனால், கண்ணுக்குத் தெரிவதற்கு முன்பே மூக்குக்கு வழி தெரிந்துவிடுகிறது. சாக்கை விரித்து அதன் மேல் குவியல் குவியலாக வைத்துக்கொண்டு பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். ஒரு வயதான அம்மாள் என்னைப் பார்த்ததும், "வாங்க தம்பி, என்ன வேணும்? நெத்திலி இருக்கு, சாளை இருக்கு, வாளை இருக்கு" என்றார்.

"எது நல்லது ஆத்தா?"

"எல்லாம் நல்லதுதான். வீட்டுல என்ன காய் இருக்குன்னு சொல்லுங்க, எது வேணும்னு நான் சொல்றேன்."

இதைக் கேட்டதும் நான் பைக்குள்ளிருந்த நோட்டை எடுத்துவிட்டேன். கத்தரிக்காயா? நெத்திலி போடு. மொச்சைப் பயறா? சாளை. மாங்காய் கிடைக்கிறதா? வாளை. வீட்டில் பிள்ளை பெற்ற பெண் இருக்கிறாளா? சுறாக் கருவாடு, அதுவும் பூண்டு நிறையத் தட்டிப் போட்டு. பால் ஊறும் என்பது நம் பாட்டிமார்களின் வைத்தியம். விருந்தாளி வந்தால், கை கொஞ்சம் தாராளமாக இருந்தால், வஞ்சிரம். கையில் காசே இல்லாத நாளுக்குச் சென்னாக்குன்னி. அது கடுகை விடச் சற்றே பெரிய இறால். ஒரு பிடி வறுத்துத் தேங்காயோடு வைத்து அரைத்தால் துவையல் ஆயிற்று. கேப்பைக் கூழுக்கு அதை மிஞ்சி ஒன்றும் கிடையாது.

ஒரு மூலையில் கருங்காலிக் கட்டை மாதிரி ஏதோ கிடந்தது. தட்டினால் 'டொக்' என்று சத்தம் வருகிறது. மாசிக் கருவாடு! மதுரையின் மாசி வீதிக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. சூரை மீனை அவித்து, புகையூட்டி, வெயிலில் காயவைத்து, மரமாக்கிவிடுகிறார்கள். இது மாலத் தீவுக்காரர்களின் வித்தை. இலங்கையில் இதை இடித்துப் போடாமல் சம்பல் இல்லை.

"மதுரையிலருந்து வர்றவுக மூணு சுத்துக் காயிதம் சுத்திக் குடுன்னு கேப்பாக" என்றார் அந்த அம்மாள். "அதுக்கு மேல ஒரு துணிப்பை. அதுக்கு மேல வெத்தலை, பூ. கருவாடு வாங்கினோம்னு தெரியக்கூடாதாம். தின்னா மட்டும் நல்லாருக்கும்!"

நான் என் கையிலிருந்த துணிப்பையைப் பின்னால் மறைத்துக்கொண்டேன்.

கடல் எங்கே, இந்தக் கரிசலும் செம்மண்ணும் கலந்த பூமி எங்கே? மதுரையிலிருந்து ராமேசுவரம் சுமார் நூற்றெழுபது கிலோ மீட்டர். ஐஸும் லாரியும் இல்லாத காலத்தில் அங்கே பிடித்த மீன் இங்கே மீனாக வந்து சேர வழியே இல்லை. மாட்டு வண்டி வருவதற்குள் அது வேறு எதுவாகவோ ஆகியிருக்கும். எனவே இந்தப் பக்கத்துக் கிராமத்து ஏழை வீட்டுக்குக் கடல் என்பது பல தலைமுறைகளாகக் கருவாடாகத்தான் வந்திருக்கிறது. 1902-ல் மதுரையிலிருந்து மண்டபம் வரை ரயில் வந்தது; 1914-ல் பாம்பன் பாலம் திறந்தது. அதன் பிறகு மூட்டைகள் ரயிலேறின. இன்று கறிக்கடைக்குப் பக்கத்திலேயே ஐஸ் மீன் கிடைக்கிறது. அப்படியும் கருவாட்டுக்குக் கிராக்கி குறையவில்லை. ஆண்டுதோறும் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, மீன்கள் இனம் பெருகட்டும் என்று நம் கிழக்குக் கரையில் விசைப்படகுகளுக்குத் தடை. அந்த 61 நாளும் சட்டியில் மீன் வாசம் வேண்டுமென்றால் சாக்கை விரித்த இந்த அம்மாள்தான் துணை.

செய்கிற விதத்தைக் கேட்டால் ரொம்பச் சாமானியமாகத் தோன்றும். மீனைக் கெடுப்பது தண்ணீர். அதை வெளியேற்றிவிட்டால் கெடுக்கிற கிருமிக்கு வேலையில்லை. நெத்திலி போன்ற பொடி மீனை அப்படியே வெயிலில் பரப்பினால் இரண்டு மூன்று நாளில் சலசலவென்று காய்ந்துவிடும். பெரிய மீனாயிருந்தால் முதுகுப் பக்கம் பிளந்து, குடலை எடுத்து, நாலு பங்கு மீனுக்கு ஒரு பங்கு உப்பு என்ற கணக்கில் உள்ளும் புறமும் தேய்த்துத் தொட்டியில் அடுக்கி, பிறகு காயவைப்பார்கள். தென்கோடிக் கரையில் இன்னொரு முறையும் உண்டு. உப்புத் தடவிய மீனைப் பனையோலைப் பாயில் சுற்றிக் கடற்கரை மணலில் குழி தோண்டிப் புதைத்து, சில நாள் கழித்து எடுப்பார்கள். சதை மிருதுவாக, வாசனை தூக்கலாக இருக்கும். வாசனை என்று நான் சொல்கிறேன். என் வீட்டுக்காரர் வேறு சொல் வைத்திருப்பார்.

உப்புத் தடவுவதிலிருந்து காக்கை விரட்டுவது வரை பெரும்பாலும் பெண்கள் கை வேலை. இது நேற்று இன்று வந்ததல்ல. நற்றிணையில் 45-ஆம் பாட்டைப் பாருங்கள். தேரில் வந்த பணக்கார வாலிபன் ஒருவன் மீனவப் பெண்ணிடம் மயங்கி நிற்கிறான். அவள் தோழி சொல்கிறாள்: நாங்கள் சுறாவை அறுத்துக் காயப்போட்டுப் பறவை ஓட்டுகிறவர்கள், எங்கள் மேல் மீன் நாற்றம் அடிக்கும், தள்ளி நில்லுங்கள் ஐயா! குறும்பும் இருக்கிறது, ரோஷமும் இருக்கிறது. உங்கள் பெரிய வீட்டு வாழ்வு உங்களுக்கு, எங்கள் சின்ன வாழ்வு எங்களுக்கு என்கிற நிமிர்வும் இருக்கிறது.

மதுரைக்காரர்களுக்கு இதை விடப் பெரிய சாட்சி ஒன்று உண்டு. பாண்டியன் நெடுஞ்செழியன் மேல் மாங்குடி மருதனார் பாடிய மதுரைக் காஞ்சி. பாண்டி நாட்டுக் கடற்கரைப் பண்டங்களை அவர் வரிசையாகச் சொல்லிக்கொண்டு போகிறார். முத்து, சங்கு வளை, கூலம், புளி, உப்பு, அந்த வரிசையிலேயே கொழுத்த மீனைத் துடிப் பறையின் கண் போல வட்டமாக அறுத்த துண்டுகள்! முத்தும் கருவாடும் ஒரே மூச்சில் வருகின்றன. புலவருக்கு மூக்கு இல்லாமலா இருந்திருக்கும்? அவர் முகம் சுளித்ததாகத் தெரியவில்லை.

வெள்ளைக்காரன் காலத்தில் கருவாட்டுக்கு வேறு விதமான சங்கடம் வந்தது. உப்புக்கு வரி. மீன் மலிவு, உப்பு கிராக்கி என்றால் மீனவன் என்ன செய்வான்? உப்பைக் குறைப்பான், மீன் அழுகும். அதற்காகச் சென்னை ராஜதானி சர்க்காரே கடலோரத்தில் மீன் உப்பிடும் இடங்களை வேலி போட்டு ஏற்படுத்தி, அங்கே மட்டும் வரியில்லாத உப்புக் கொடுத்தது. 1905-ல் மீன் வளத்தை ஆராயப் புறப்பட்ட சர் பிரெடரிக் நிக்கல்சன் என்ற அதிகாரியும் இந்தக் கருவாட்டு விஷயத்தில் மிகுந்த அக்கறை காட்டியவர். 1930-ல் ராஜாஜி வேதாரண்யத்துக்கு நடந்தது நமக்கெல்லாம் தெரியும். உப்பு வரி 1947-ல் ஒழிந்தபோது கருவாட்டுச் சட்டிக்கும் அதில் ஒரு பங்கு விடுதலை கிடைத்தது என்று சொன்னால் மிகையாகாது.

மீனைக் காயவைப்பதும் புதைப்பதும் நாற வைப்பதும் நம் ஊர்ப் பழக்கம் மட்டும் என்று நினைத்துவிடாதீர்கள். உலகத்தின் வடகோடிக்குப் போவோம். நார்வேயில் லோபோட்டன் தீவுகளில் பிப்ரவரி முதல் மே வரை, காட் என்ற மீனை இரண்டிரண்டாக வாலில் கட்டி மரச் சட்டங்களில் தொங்கவிடுகிறார்கள். உப்பே கிடையாது. நமக்கு வெயில் செய்கிற வேலையை அவர்களுக்குக் குளிர் காற்று செய்கிறது. காய்ந்தால் நம் மாசி மாதிரி கட்டைதான். அதைச் சாம்பல் காரம் போன்ற காரத் தண்ணீரில் ஊறவைத்துக் கொழகொழவென்று ஆக்கி, கிறிஸ்துமஸ் சமயத்தில் 'லூட்டபிஸ்க்' என்று ஆசையாகச் சாப்பிடுகிறார்கள். பெரிய ஓட்டல்களில் 'கிராவ்லாக்ஸ்' என்று விலை உயர்ந்த மீன் பரிமாறுகிறார்களே, அந்தப் பெயருக்கு அர்த்தம் என்ன தெரியுமா? புதைத்த சால்மன் மீன்! நம் பனையோலைக் குழிக்கு அக்காளோ தங்கையோ.

எல்லாவற்றிலும் கெட்டிக்காரர்கள் ஸ்வீடன்காரர்கள். பால்டிக் கடலின் ஹெர்ரிங் என்ற சிறு மீனைக் குறைந்த உப்பில் போட்டு மாதக்கணக்கில் புளிக்க வைக்கிறார்கள். உப்பு கிடைப்பது அரிதாயிருந்த காலத்தில் வந்த பழக்கம் என்பார்கள். பெயர் 'சூர்ஸ்ட்ரோமிங்'. புளிப்பு வாயுவில் தகர டப்பாவே வீங்கிவிடும். ஆகஸ்டு மாதத்தில் அதற்கென்று நாள் பார்த்துத் தோட்டத்தில் மேஜை போட்டு, ரொட்டி, உருளைக்கிழங்கு, வெங்காயத்தோடு விருந்து வைக்கிறார்கள். வீட்டுக்குள் திறக்கமாட்டார்கள், அவ்வளவு வீரியம். 2006-ல் சில விமானக் கம்பெனிகள் இதை விமானத்தில் ஏற்றவே மறுத்துவிட்டன.

இன்னும் கேளுங்கள். 1981-ல் ஜெர்மனியில் ஒரு குடித்தனக்காரர் இந்த மீனின் தண்ணீரை மாடிப்படியில் கொட்டிவிட்டார் என்று வீட்டுக்காரர் அவரைக் காலி செய்யச் சொன்னார். வழக்கு கோர்ட்டுக்குப் போயிற்று. வீட்டுக்காரர் தரப்பில் சாட்சி, சட்டப் புத்தகம் எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஒரு டப்பாவைக் கோர்ட்டிலேயே திறந்து காட்டினார்கள். தீர்ப்பு வீட்டுக்காரர் பக்கம்! இதைப் படித்த அன்று நான் என் வாடகை ஒப்பந்தத்தை எடுத்து இன்னொரு தடவை பார்த்துக்கொண்டேன். (குறிப்பு: என் வீட்டுக்காரர் இந்தப் பத்திரிகை வாங்குவதில்லை என்று நம்புகிறேன்.)

சட்டம் பேசியது போதும், சமையலறைக்கு வருவோம். வாங்கும்போது கவனிக்க வேண்டியது இவ்வளவுதான். நெத்திலி ஒடித்தால் 'படக்' என்று ஒடிய வேண்டும். வளைந்தால் ஈரம் இருக்கிறது. உப்புக் கருவாட்டின் மேல் செம்மண் தூவிய மாதிரி சிவப்புப் படலம் தெரிந்தால் தொடாதீர்கள். உப்பிலேயே வளரும் கிருமி அது. கையில் எடுத்து உதறினால் மணல் கொட்டக்கூடாது. குழம்பு வைப்பதற்கு முன் தலையைக் கிள்ளிவிட்டு, வெந்நீரில் பத்து நிமிஷம் ஊறவைத்து, மூன்று நாலு தண்ணீர் அலசுங்கள். மணலும் போகும், அதிக உப்பும் போகும், பாதி வாடையும் போகும். மண்சட்டியில் நல்லெண்ணெய், வெந்தயம், சின்ன வெங்காயம், முழுப் பூண்டு. அவை வதங்கியதும் தக்காளி, கத்தரிக்காய். பிறகு மிளகாய், மல்லிப் பொடியும் புளிக் கரைசலும். குழம்பு கொதித்துச் சுண்டி எண்ணெய் மிதக்கும் சமயத்தில்தான் கருவாடு போட வேண்டும். முன்னாலேயே போட்டால் கரைந்து முள் மட்டும் மிஞ்சும். உப்பு? கடைசியில் ருசி பார்த்துவிட்டு. அநேகமாகத் தேவையே இராது.

மறுநாள் அதே குழம்பைச் சூடு பண்ணிப் பழைய சோற்றுக்குத் தொட்டுக்கொள்வதைப் பற்றி எழுத ஆரம்பித்தால் இந்த இதழில் வேறு எதற்கும் இடம் இராது. அன்றைக்கு மோரும் தயிரும் வேண்டாம் என்பது ஊர் வழக்கம். முள்ளோடு சாப்பிடுகிற நெத்திலியில் சுண்ணாம்புச் சத்து உண்டு. ஆனால் ரத்தக் கொதிப்பு உள்ளவர்களுக்கும் சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்கும் இந்த உப்பு ஆகாது. என்ன ஆசையிருந்தாலும் அவர்கள் வாசனையோடு நிறுத்திக்கொள்ள வேண்டியதுதான்.

அரைக் கிலோ நெத்திலி வாங்கினேன். அந்த அம்மாள் கேட்காமலே மூன்றாவது காகிதத்தை எடுத்தார். "ஒண்ணு போதும் ஆத்தா" என்றேன். என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு, ஒரு காகிதத்தில் சுற்றி, ஒரு பிடி சென்னாக்குன்னியைச் சும்மா போட்டுக் கொடுத்தார்.

வீராப்பாகச் சொல்லிவிட்டேனே தவிர, திரும்பும் பஸ்ஸில் ஏறும்போது மனசு திக்கென்றது. 2021 டிசம்பரில் குமரி மாவட்டம் குளச்சல் பஸ் நிலையத்தில், மீன் விற்றுவிட்டு வீடு திரும்பிய ஒரு மூதாட்டியை, நாற்றம் அடிக்கிறது என்று பஸ்ஸை விட்டு இறக்கிவிட்டார்கள். பஸ் நிலையத்தில் நின்று அவர் நியாயம் கேட்டு அழுத காட்சியை நாடே பார்த்தது. முதலமைச்சர் கண்டித்தார், சம்பந்தப்பட்ட ஊழியர்கள் சஸ்பெண்ட் செய்யப்பட்டார்கள். நற்றிணைத் தோழி தானாகத் தள்ளி நிற்கச் சொன்னாள், தன் வீட்டு வாசலில், தலை நிமிர்ந்து. இந்தப் பாட்டியை மற்றவர்கள் தள்ளினார்கள். இரண்டுக்கும் உள்ள தூரம் அந்தப் பாட்டியின் அழுகையில் இருந்தது.

என்னை யாரும் ஒன்றும் சொல்லவில்லை. கண்டக்டர் டிக்கெட் கொடுத்துவிட்டு மூக்கை இரண்டு தடவை உறிஞ்சினார். "நெத்திலியா சார்?" என்றார். ஆமாம் என்றேன். "கத்தரிக்கா போட்டு வைக்கச் சொல்லுங்க" என்று சொல்லிவிட்டுப் பின்னால் போய்விட்டார். சட்டை போட்டவன் கையில் அரைக் கிலோ. அவ்வளவு சுலபமாகத் தலைக்கூடைக்காரிக்குக் கிடைத்திருக்குமா என்று சிலைமான் வரும் வரை யோசித்துக்கொண்டே வந்தேன்.

வீட்டில் பொட்டலத்தைப் பார்த்ததும் என் மனைவி அதை மோந்து பார்த்தாள். அப்புறம் கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. மாடிப் படிக்கு அடியில் ஒளித்து வைக்கலாமா, ஊருக்கு எடுத்துப் போகலாமா என்று நான்தான் யோசனை சொல்லிக்கொண்டிருந்தேன். அவள் பொட்டலத்தை ஒரு பாத்திரத்தில் போட்டு மூடி வைத்துவிட்டு, நேரே கீழே இறங்கிப் போனாள். நான் படியில் பாதி இறங்கி நின்று கேட்டேன்.

"அக்கா, ஞாயித்துக்கிழமை கருவாட்டுக் குழம்பு வைக்கப் போறேன். பத்து மணியிலிருந்து பதினொண்ணரை வரைக்கும் ஜன்னலைச் சாத்திக்குங்க."

"கூடாதுன்னு எழுதியிருக்கே?" என்றார் வீட்டுக்காரர் மனைவி.

"எழுதியிருக்கு. அதனாலதான் சொல்லிட்டு வைக்கிறேன். அன்னைக்கு எங்க அம்மா வர்றாங்க."

கீழே சற்று நேரம் சத்தமே இல்லை. எனக்கு அந்த ஜெர்மனி கோர்ட்டு ஞாபகம் வந்துவிட்டது.

"மொட்டை மாடியிலே வச்சு வை" என்ற குரல் கடைசியில் வந்தது. "அவர் பதினொண்ணுக்கு வந்துடுவார். அதுக்குள்ள முடிச்சிடு."

நான் சத்தமில்லாமல் மேலே ஏறி, பரணில் மண்சட்டி இருக்கிறதா என்று தேட ஆரம்பித்தேன்.